பெர்மிட் இருந்தும் நகராத டிப்பர்: பட்டா நிலத்தில் மண் எடுக்கப் போலீஸ் பாதுகாப்பு வாங்கிய அனுபவம்

கலெக்டர் உத்தரவு கையில் இருக்கிறது, கட்ட வேண்டிய பணமெல்லாம் கட்டியாகிவிட்டது, ஆனாலும் சொந்த நிலத்திலிருந்து ஒரு லோடு மண் வெளியே போக முடியவில்லை. இப்படி மாட்டிக்கொள்கிறவர்கள் முதலில் கேட்பது, போலீஸ் பாதுகாப்பு கிடைக்குமா என்றுதான். கிடைக்கும். எங்களுக்குக் கிடைத்தது. ஆனால் போலீஸ் வந்து நிற்பது நில உரிமையாளருக்காக இல்லை, அவர் கையில் உள்ள உத்தரவுக்காக. அந்த உத்தரவில் எழுதியிருப்பதை விட்டு நாம் விலகினால், காவலுக்கு வந்த அதே போலீஸே நம் வண்டியைப் பிடிக்கலாம். இது முன்பே புரிந்திருந்தால் அலைச்சல் பாதி குறையும் என்பதால்தான் இதை எழுதுகிறேன்.

நிலம் அம்மா பெயரில் இருக்கிறது. தென்மாவட்டத்து மானாவாரிக் காடு. அதில் ஒரு ஓரம் முழுக்க செம்மண் மேடு, பக்கத்துப் புஞ்சையைவிட ஆள் உயரம் கூடுதல். மழைத் தண்ணீர் நிற்காமல் ஓடிவிடும். மேட்டை இறக்கிச் சமன் செய்தால் சொட்டுநீர் போட்டுக் கொய்யா வைக்கலாம் என்பது திட்டம். மண்ணை நிலத்துக்குள்ளேயே இழுத்துப் பரப்ப இடமில்லை, வெளியே கொடுத்துத்தான் ஆக வேண்டும்.

இங்கேதான் சட்டம் உள்ளே வருகிறது. 2000-ஆம் ஆண்டு பிப்ரவரியில் மத்திய அரசு வெளியிட்ட அறிவிக்கையின்படி, சாலைக்கும் கட்டடத்துக்கும் மேடாக்கப் பயன்படும் சாதாரண மண்ணும் சிறுகனிமம். அஸ்திவாரத்துக்குத் தோண்டிய மண்ணை அதே மனையில் நிரப்புவதற்கு ராயல்டி கேட்க முடியாது என்று 2014-இல் மகாராஷ்டிர வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மைதான். அதை வைத்துக்கொண்டு 'என் மண், என் இஷ்டம்' என்று டிப்பரில் ஏற்றி விற்க முடியாது. நிலத்தை விட்டு மண் வெளியேறும்போது, தமிழ்நாட்டில் 1959-ஆம் ஆண்டு சிறுகனிமச் சலுகை விதிகளின்படி அனுமதி வேண்டும். வி.ஏ.ஓ., ஆர்.ஐ., தாசில்தார் அறிக்கை, கனிமவளத் துறை உதவி இயக்குநரின் ஆய்வு, சுரங்கத் திட்டம், சுற்றுச்சூழல் அனுமதி, அப்புறம் கலெக்டர் உத்தரவு என்று அது போகும். சிறிய பரப்புக்குக் கூடச் சுற்றுச்சூழல் அனுமதி தேவை என்ற நிலை 2012-இல் உச்ச நீதிமன்றத்தின் தீபக் குமார் வழக்குத் தீர்ப்புக்குப் பிறகு வந்தது. சாலை, ரயில் பாதை போன்ற பணிகளுக்கு மண் எடுக்க 2020-இல் கொடுத்த விலக்கையும் 2024 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது; 2025-இல் அது திரும்ப வந்தபோதும் நிபந்தனைகளோடுதான் வந்தது. ஆகவே 'ரோடு வேலைக்குத்தான் சார் போகுது' என்று காண்ட்ராக்டர் சொல்வதை நம்பி எதையும் தொடங்க வேண்டாம்.

இந்தக் கதையை நீட்டவில்லை. ஒருவழியாக உத்தரவு வந்தது. எத்தனை கன மீட்டர், எவ்வளவு ஆழம், எந்தத் தேதி வரை, காலை எத்தனை மணிக்குத் தொடங்கி மாலை எத்தனை மணிக்கு நிறுத்த வேண்டும், பக்கத்துப் பட்டா நிலத்திலிருந்து 7.5 மீட்டர் தள்ளி வெட்ட வேண்டும் என்பதெல்லாம் அதில் இருந்தன. சீனியரேஜ் (கனிமத்துக்காக அரசுக்குக் கட்டும் தொகை), அதோடு சேர்த்து மாவட்டக் கனிம நிதி எல்லாம் கட்டி, ஒவ்வொரு லோடோடும் போக வேண்டிய நடைச்சீட்டும் வாங்கினோம்.

முதல் நாள் பொக்லைன் இறங்கி ரெண்டு டிப்பர் நிரம்பின. காட்டுப்பாதையிலிருந்து ஊராட்சி ரோட்டில் ஏறும் இடத்தில் பத்து இருபது பேர் நின்றார்கள். டிரைவர் போன் செய்தார்: "அக்கா, நீங்க வாங்க. சாவியப் புடுங்கிட்டாங்க."

நான் போய்ப் பார்த்தபோது அது ஒரே கூட்டமாகத்தான் தெரிந்தது. நின்று பேசிய பிறகுதான் அதற்குள் மூன்று விதமான ஆட்கள் இருப்பது புரிந்தது. பின்னால் வழக்கு வரை போனபோது எங்களுக்கு அதிகம் உதவியது இந்தப் பிரிப்புதான்.

ஒருவர் பக்கத்து நிலத்துக்காரர். சொந்தமில்லை, ஆனாலும் மாமா என்றுதான் கூப்பிடுவேன். அவருடைய கிணறு எங்கள் எல்லையை ஒட்டி இருக்கிறது. "மண்ண எடுக்க வேணாம்னு நான் சொல்லலத்தா. ஐப்பசி மழையில வரப்பு சரிஞ்சு கிணத்துக்குள்ள விழுந்தா எவன் வந்து கட்டுவான்?" என்றார். அதில் என்ன தப்பு? நான் அவர் இடத்தில் இருந்தாலும் கேட்பேன்.

இன்னொரு பகுதி ரோட்டோரத்து வீட்டுக்காரர்கள். ரோட்டுக்கு அடியில் குடிதண்ணீர்க் குழாய் போகிறது, லோடு வண்டி ஏறினால் உடையும். பள்ளிக்கூடப் பிள்ளைகள் நடக்கிற நேரம். வீட்டுக்குள் எல்லாம் தூசி. இதுவும் நியாயம்தான்.

மூன்றாவது, நாலைந்து பேர். அவர்கள் வாயைத் திறக்கவே இல்லை. மற்றவர்களைப் பேச விட்டுவிட்டுப் பின்னால் நின்றார்கள். அன்று இரவு ஒரு போன் வந்தது. கோயில் கொடை வருகிறதாம், லோடுக்கு இவ்வளவு என்று கொடுத்துவிட்டால் யாரும் கேட்க மாட்டார்களாம், ரசீது கூடத் தருவார்களாம்.

மறுநாள் காவல் நிலையம். எழுத்தர் மனுவைப் படித்துவிட்டு, "இது சிவில் மேட்டரும்மா, தாசில்தாரைப் போய்ப் பாருங்க" என்றார். தாசில்தார் அலுவலகத்தில், சட்டம் ஒழுங்கு என்றால் ஸ்டேஷன்தானே என்றார்கள். இந்தப் பந்தாட்டம் இந்த விஷயத்தில் போகிற எல்லோருக்கும் நடக்கும். கோபப்பட்டுப் பயனில்லை. மண் என்றாலே போலீஸுக்கு ஒரு தயக்கம் உண்டு, அதற்குக் காரணமும் உண்டு. பெர்மிட் ஓரிடத்துக்கு வாங்கி ஓடையில் அள்ளுகிறவர்கள், ஒரே நடைச்சீட்டில் பல நடை ஓட்டுகிறவர்கள் எல்லாம் அவர்கள் தினமும் பார்க்கிற ஆட்கள். அப்படிப்பட்ட ஒருவருக்குக் காவல் நின்றதாக நாளை பேப்பரில் வந்தால் மாட்டுவது அந்த இன்ஸ்பெக்டர்தான்.

ஆகவே அவர்களுடைய சந்தேகத்தைத் தீர்க்கும் காகிதங்களை நாமே முன்வைக்க வேண்டும். எங்கள் முதல் மனுவை ஒரு வக்கீல் தம்பி மாற்றி எழுதிக் கொடுத்தார். அதில் 'எனக்குத் தொல்லை கொடுக்கிறார்கள்' என்ற வரியே இல்லை. கலெக்டர் உத்தரவின் எண், தேதி, எந்தச் சர்வே நம்பர், எத்தனை கன மீட்டர், எந்த நாள் எந்த நேரம் எந்த இடத்தில் வண்டி மறிக்கப்பட்டது, யார் சாவியை எடுத்தது, எந்தப் பாதையில் வண்டி போகும் என்பது மட்டும் இருந்தது. கூடவே சிட்டா, நிலத்தின் எல்லை அளவு காட்டும் எஃப்.எம்.பி. வரைபடம், கட்டணம் கட்டிய ரசீது, நடைச்சீட்டின் நகல். மனுவில் கையெழுத்து அம்மாவுடையது, ஏனென்றால் உத்தரவு அவர் பெயரில் இருக்கிறது. மண் வாங்குகிற காண்ட்ராக்டரை ஸ்டேஷனுக்கு அனுப்பினால் மொத்தமும் மண் வியாபாரிகள் சண்டையாக மாறிவிடும். அவரை வீட்டிலேயே இருக்கச் சொன்னோம்.

மனு கொடுத்தால், அதை ஸ்டேஷனில் பதிவு செய்ததற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்காமல் திரும்பாதீர்கள். வாரண்ட் இல்லாமல் போலீஸ் கைது செய்யக்கூடிய குற்றம் நடந்ததற்கான தகவல் தெளிவாக இருந்தால் எஃப்.ஐ.ஆர். போட வேண்டும் என்பது உச்ச நீதிமன்றத்தின் 2013-ஆம் ஆண்டு லலிதா குமாரி தீர்ப்பு. வழியை மறிப்பது, ஐ.பி.சி.க்குப் பதிலாக வந்த பி.என்.எஸ். சட்டத்தில் 126-ஆம் பிரிவு, மிரட்டுவது 351, மிரட்டிப் பணம் கேட்பது 308. ஸ்டேஷனில் எடுக்கவில்லை என்றால், புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ். 173-ஆம் பிரிவின் 4-ஆம் உட்பிரிவுப்படி எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்பலாம். அதிலும் நடக்கவில்லை என்றால் 175-ஆம் பிரிவின் 3-ஆம் உட்பிரிவின் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். 2024 ஜூலை 1-க்குப் பிறகு எண்கள் மாறிவிட்டதால் பழைய சி.ஆர்.பி.சி.யின் 154, 156-ஐ எழுதிக் கொண்டு போகாதீர்கள்.

ஆனால் ஒன்று: எஃப்.ஐ.ஆர். வேறு, பாதுகாப்பு வேறு. எஃப்.ஐ.ஆர். நடந்து முடிந்ததற்கு. பாதுகாப்பு நாளை காலை வண்டி போவதற்கு. ரெண்டையும் ஒரே மனுவில் கலந்து கேட்டால் ரெண்டும் கிடைக்காது. நாங்கள் பாதுகாப்பு கேட்டு எஸ்.பி.க்கும் டி.எஸ்.பி.க்கும் தனியாக மனு அனுப்பினோம், நகல் கலெக்டருக்கும் உதவி இயக்குநருக்கும். எல்லாம் ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில். கேட்டும் தரவில்லை என்று காட்டினால்தான் பிறகு உயர் நீதிமன்றத்தில் நிற்க முடியும்.

இதற்கிடையே ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) அலுவலகத்தில் அமைதிப் பேச்சுவார்த்தை வைத்தார்கள். பலர் இதை வெட்டி வேலை என்று நினைத்துப் போகாமல் விடுவார்கள். கட்டாயம் போங்கள். அங்கே எழுதப்படுகிற குறிப்பு பின்னால் பேசும். மாமாவின் கிணற்றுக்காக, உத்தரவில் சொன்ன 7.5 மீட்டருக்கு மேல் இன்னும் கொஞ்சம் தள்ளி வெட்டவும், வெட்டுமுகத்தைச் செங்குத்தாக விடாமல் சரிவாக இறக்கவும், கிணற்றுப் பக்கம் கரை போட்டுத் தரவும் அங்கேயே ஒப்புக்கொண்டு எழுதிக் கொடுத்தோம். ரோட்டு ஜனங்களுக்காக, குழாய் குறுக்கே போகிற இடத்தில் கிராவல் கொட்டி உயர்த்துவது, உடைந்தால் நம் செலவில் அன்றே சரி செய்வது, பள்ளிக்கூடம் தொடங்குகிற, விடுகிற நேரத்தில் வண்டி ஓட்டாமல் இருப்பது, தினமும் தண்ணீர் லாரி அடிப்பது. இதற்கெல்லாம் ஆன செலவு, ஒரு மாதம் பொக்லைனைச் சும்மா நிறுத்தி வாடகை கொடுப்பதைவிடக் குறைவு.

அந்தக் கூட்டத்துக்குப் பிறகு மாமா எதிர்ப்பை விட்டுவிட்டார். ரோட்டுக்காரர்களில் பெரும்பாலோர் விலகினார்கள். மிச்சம் நின்றது லோடுக்கு இவ்வளவு என்று போன் பண்ணியவர்கள்தான். 'ஊரே எதிர்க்கிறது' என்று அதுவரை சொல்லிக்கொண்டிருந்தவர்களுக்கு இனி ஊர் என்ற போர்வை இல்லை. போலீஸின் பேச்சும் அன்றிலிருந்து மாறியது.

அந்தப் போன் விஷயம் பற்றி. ரசீது தருகிறேன் என்றாலும் அது நன்கொடை ஆகாது. ஒருமுறை கொடுத்தால் அடுத்த வாரம் வேறு ஒரு குழு வரும். நாங்கள் கொடுக்கவில்லை, பேசியதைப் பதிவு செய்தோம். பதிவை வேறு போனுக்கு மாற்றிவிட்டுப் பழைய போனை விற்றுவிடக் கூடாது. மூலப் பதிவு உள்ள போனும், புதிய சாட்சியச் சட்டத்தின் (பி.எஸ்.ஏ.) 63-ஆம் பிரிவுப்படி, மின்னணுப் பதிவுக்கான சான்றிதழும் கோர்ட்டில் கேட்பார்கள்.

அப்படியும் பாதுகாப்பு எழுத்தில் வராததால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போனோம், அரசியல் சட்டம் 226-ஆம் பிரிவின் கீழ் ரிட் மனு, அதாவது அதிகாரிகளுக்கு உத்தரவிடும்படி கேட்கும் மனு. இங்கே வக்கீல் முதலில் கேட்டது: "எல்லைத் தகராறு ஏதாவது இருக்காம்மா? பாகப் பிரிவினை வழக்கு? பாதை உரிமை வழக்கு?" ஏன் கேட்டார் என்றால், 2006-இல் கேரளத்திலிருந்து போன முரளீதரன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியிருக்கிறது. போலீஸ் பாதுகாப்புக்கான ரிட் மனுவை வைத்து உரிமைத் தகராறைத் தீர்க்க முடியாது. சிவில் கோர்ட் தீர்மானிக்க வேண்டியதை ரிட்டின் பின்வாசல் வழியாகக் கொண்டுவர முடியாது. உங்கள் உரிமையே கேள்விக்குள்ளாகி இருந்தால், முதலில் சிவில் கோர்ட்டில் தடையுத்தரவு வாங்கி, அதை அமல்படுத்தப் போலீஸ் உதவியை அங்கேயே கேட்பதுதான் சரியான வழி. எங்களுக்கு அந்தச் சிக்கல் இல்லை. பட்டா தெளிவு, சர்வேயர் வைத்து அளந்து கல் நட்டிருந்தோம், உத்தரவை எதிர்த்து மேல்முறையீடும் இல்லை.

ரெண்டாவது, யாரை எதிர்மனுதாரராகச் சேர்ப்பது. கலெக்டர், எஸ்.பி., இன்ஸ்பெக்டர், உதவி இயக்குநர் இவர்களோடு, தடுக்கிற ஆட்களையும் பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டும். 'ஊர்க்காரர்களோடு பகை எதற்கு' என்று அவர்களை விட்டுவிட்டுப் போகிறவர்கள் உண்டு. அவர்களைக் கேட்காமல் அவர்களுக்கு எதிராக உத்தரவு போட நீதிமன்றம் தயங்கும், அதுவும் சரிதானே.

மூன்றாவது, உத்தரவின் வார்த்தை. இதைக் கவனிக்காமல் சந்தோஷப்பட்டுக்கொண்டு ஊர் திரும்புகிறவர்கள் நிறைய. 'மனுதாரரின் மனுவைப் பரிசீலித்து உரிய முடிவெடுக்கவும்' என்று ஒரு உத்தரவு வரும். அது பாதுகாப்பு உத்தரவு அல்ல. இன்ஸ்பெக்டர் பரிசீலித்து 'தேவையில்லை' என்று எழுதிவிட்டால் கணக்கு முடிந்தது. 'அனுமதி நடப்பில் உள்ள வரை, நிபந்தனைக்கு உட்பட்டு மண் எடுப்பதற்குப் பாதுகாப்பு அளிக்க வேண்டும்' என்பது வேறு. பேச்சுவார்த்தைக் குறிப்பும் நாங்கள் எழுதிக்கொடுத்த உறுதிமொழியும் கோர்ட்டில் இருந்ததால் எங்களுக்கு ரெண்டாவது வகை கிடைத்தது என்று நினைக்கிறேன். அதிலும் நீதிபதி ஒரு வரி சேர்த்தார்: வழியை மறிக்காமல் அமைதியாக எதிர்ப்புத் தெரிவிக்கிறவர்களைத் தடுக்கக் கூடாது. அந்த வரி எனக்கு அப்போது உறுத்தியது. யோசித்துப் பார்த்தால், அது இல்லாமல் இப்படிப்பட்ட உத்தரவு இருக்கவும் கூடாது.

சில வழக்குகளில் காவல் செலவை மனுதாரரே ஏற்க வேண்டும் என்றும் உத்தரவு வரும். அப்படியானால் அரசுக் கணக்கில் கட்டி ரசீது வாங்குங்கள். டீக்காசு, பெட்ரோல் காசு என்று கையில் கொடுக்கிற பழக்கத்தை ஆரம்பிக்கவே வேண்டாம்.

உத்தரவு நகலோடு, எந்தத் தேதியில் வேலை தொடங்குகிறோம் என்று முன்கூட்டியே ஸ்டேஷனுக்கு எழுதிக் கொடுத்தோம். திருவிழா, தேர்தல், வி.ஐ.பி. வருகை இருந்தால் ஆள் இருக்காது, அதற்கேற்ப நாளை மாற்றுவது நல்லது. வந்தது ஒரு சிறப்பு எஸ்.ஐ.யும் ரெண்டு கான்ஸ்டபிளும். தினமும் வரவில்லை. முதல் சில நாட்கள் நின்றார்கள், பிறகு ரோந்து வண்டி எட்டிப் பார்த்தது, அதுவே போதுமாக இருந்தது.

அந்த நாட்களில் நான் போலீஸைவிட அளவுநாடாவைத்தான் அதிகம் நம்பினேன். உத்தரவு கன மீட்டரில் இருக்கும், லாரிக்காரர்கள் யூனிட்டில் பேசுவார்கள். ஒரு யூனிட் 100 கன அடி, அதாவது சுமார் 2.83 கன மீட்டர். அதோடு வெட்டிய மண் உதிர்ந்து பெருகும். நிலத்தில் கெட்டியாக இருந்த அளவைவிடக் கால் பங்கு வரை கூடுதலாக வண்டியில் தெரியும். எதிர்த்தரப்பு லோடுகளை எண்ணி, 'அனுமதிக்கு மேல் அள்ளிவிட்டார்கள்' என்று புகார் கொடுக்கத் தோதான இடம் இதுதான். குழியின் நீளம், அகலம், ஆழத்தை வாராவாரம் அளந்து, தேதி தெரிகிற போட்டோவோடு நோட்டில் எழுதி வைத்தோம். எந்த வண்டி, எந்த நடைச்சீட்டு, கிளம்பிய நேரம் எல்லாம் அதே நோட்டில். நேரம் தாண்டிய நடைச்சீட்டோடு ஒரு வண்டி பிடிபட்டால் 1957-ஆம் ஆண்டுச் சுரங்க, கனிமச் சட்டத்தின் 21-ஆம் பிரிவில் வண்டி பறிமுதல் ஆகும், திருட்டு வழக்கும் தனியாகப் போட முடியும் என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஒரு டிரைவர் மாலையில் 'இன்னும் ஒரே ஒரு நடை அக்கா' என்று கெஞ்சினார். சாவியை வாங்கி வைத்துக்கொண்டேன்.

போலீஸ் வராமல் ஏமாற்றினால் என்ன செய்வது என்று கேட்கிறார்கள். முதலில் உத்தரவு நகலை இணைத்து எஸ்.பி.க்கு நினைவூட்டல். அதற்கும் அசையவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு, ஓராண்டுக்குள் போட வேண்டும். ஆனால் பெர்மிட் தேதி ஓடிக்கொண்டிருக்கும் என்பதை மறந்துவிடக் கூடாது. பாதுகாப்பு உத்தரவு பெர்மிட்டின் ஆயுளை நீட்டாது. தடுத்ததால் வீணான நாட்களுக்குக் காலநீட்டிப்பு கேட்டு, தேதி முடிவதற்கு முன்பே கலெக்டருக்குத் தனியாக மனு கொடுக்க வேண்டும். முடிந்த பிறகு ஒரு கூடை மண் அள்ளினாலும் அது திருட்டு மண்தான்.

வேலை முடிந்ததும் பொக்லைனை அனுப்பிவிட்டு நிம்மதியாக இருந்துவிட முடியாது. எடுத்த அளவு, கட்டிய தொகை, மீதமிருந்த நடைச்சீட்டுகள் எல்லாவற்றையும் கனிமவள அலுவலகத்தில் ஒப்படைத்து, அவர்கள் ஆள் வந்து குழியை அளந்து போகும்படி எழுதிக் கேட்டு வாங்கினோம். சில மாதம் கழித்து, அனுமதிக்கு மேல் எடுத்ததாக ஒரு மொட்டைக் கடிதம் அந்த அலுவலகத்துக்குப் போனது. அவர்கள் அளந்த குறிப்பு அவர்கள் கோப்பிலேயே இருந்ததால், எங்களைக் கூப்பிடக்கூட இல்லை.